காரை நிறுத்திச் சாவியை எடுத்த பிறகும் பின்விளக்கு அணையவில்லையே, ஏன்?

முதலில் காருக்குப் பின்னால் போய் எந்த விளக்கு என்று பாருங்கள். மங்கலாக எரிந்தால் பார்க்கிங் லைட். லைட் ஸ்விட்சை ‘ஆஃப்’ வரை முழுதாகத் திருப்பாமல் விட்டிருப்பீர்கள். பளிச்சென்று எரிந்தால் பிரேக் லைட். பெரும்பாலான கார்களில் அதற்குச் சாவி தேவையில்லை, பேட்டரியிலிருந்து நேராகவே கரண்ட் வரும்.

பிரேக் பெடலின் மேல்பக்கம் ஒயரோடு ஒரு சின்ன ஸ்விட்ச் இருக்கும். காலை எடுத்ததும் பெடல் மேலே வந்து அதன் முனையை அழுத்தும், விளக்கு அணையும். பல கார்களில் முனை படும் இடத்தில் ஒரு துளை, அதை அடைத்தபடி சட்டைப் பொத்தான் அளவில் ரப்பரோ பிளாஸ்டிக்கோ இருக்கும். பழைய வண்டியில் அது காய்ந்து உடைந்துவிடும். அப்புறம் முனை துளைக்குள் புகுந்துகொள்ளும், ஸ்விட்ச் அழுந்தவே அழுந்தாது. என் காரில் மிதியடி மேல் கிடந்த துணுக்குகளைப் பார்த்துத்தான் விஷயம் பிடிபட்டது.

அந்தத் துண்டை மாற்றினால் போதும், செலவு குறைவுதான். அதுவரை பேட்டரியின் மைனஸ் ஒயரைக் கழற்றி வையுங்கள். 21 வாட் பல்பு இரண்டு சேர்ந்து மூன்றரை ஆம்பியர் இழுக்கும். 35 ஏஎச் (ஆம்பியர்-மணி) பேட்டரி பத்து மணி நேரத்தில், அதாவது ஒரே இரவில் இறங்கிவிடும். தயவுசெய்து இப்படியே ஓட்டாதீர்கள். நீங்கள் பிரேக் போடுவது பின்னால் வருபவருக்குத் தெரியாது.