ட்ரெவர் ரேபின் - ஒரு கடிதம்

அன்புள்ள சார்,

போன வாரக் கட்டுரையில் ட்ரெவர் ரேபினை ஒரே வரியில் பாராட்டிவிட்டுத் தாண்டிப் போய்விட்டீர்கள். எனக்கு உடன்பாடில்லை. ஒரே பாட்டைப் பதினெட்டு நிமிடம் வாசித்த ‘யெஸ்’ என்ற பிரிட்டிஷ் ராக் குழுவை நான்கு நிமிட ரேடியோ பாட்டுக்கு இறக்கிய கிடார் கலைஞர் அவர்தான். அப்புறம் அதையும் விட்டுவிட்டு, குண்டு வெடிக்கிற ஹாலிவுட் படங்களுக்கு ரீரெக்கார்டிங் செய்யப் போனார். நீண்ட, சிக்கலான பாட்டுகளுக்குப் பெயர்போன ப்ரோக் ராக் (ப்ரோக்ரெசிவ் ராக்) கலைஞனுக்கு இது வீழ்ச்சி இல்லையா?

ஒரு வாசகர்

அன்புள்ள நண்பருக்கு,

உங்கள் கோபம் புரிகிறது. யெஸ்ஸின் ‘க்ளோஸ் டு தி எட்ஜ்’ (1972) இசைத்தட்டில் ஒரு பக்கம் முழுக்க ஒரே பாட்டு. அதில் ஊறியவர்களுக்கு 1983-இல் ரேபினோடு வந்த ‘90125’ ஆல்பம் எரிச்சலாகத்தான் இருந்திருக்கும். எனக்கு எல்லாமே தலைகீழ். விடுதியில் பக்கத்து அறை அண்ணன் கொடுத்த கேசட்டில் நான் முதலில் கேட்டதே 90125தான், பழைய யெஸ்ஸுக்கு அப்புறம்தான் போனேன். அந்தச் சாய்வைக் கழித்துவிட்டு மேலே படியுங்கள்.

முதலில், ரேபின் யெஸ்ஸில் போய்ச் சேரவில்லை. யெஸ் 1981-இலேயே கலைந்துவிட்டது. அதில் பேஸ் கிடார் வாசித்த கிறிஸ் ஸ்குவையரும் டிரம்ஸ் வாசித்த ஆலன் வைட்டும் இவரோடு சேர்ந்து தொடங்கிய புதுக் குழுவின் பெயர் ‘சினிமா’. பாட்டுகளில் பாதிக்கு மேல் இவர் கையோடு கொண்டுவந்தவை. கடைசிக் கட்டத்தில் யெஸ்ஸின் பழைய பாடகர் ஜான் ஆண்டர்சன் வந்து பாடியதும் பழைய பெயர் ஒட்டிக்கொண்டது. அப்படி வந்ததுதான் 90125. அந்தத் தட்டில் ‘சினிமா’ என்றே இரண்டு நிமிட வாத்திய இசை ஒன்று இருக்கிறது, கிராமி வாங்கியது. மனிதர் எங்கே போய்ச் சேரப்போகிறார் என்று அதிலேயே எழுதியிருந்தது போல!

அதே தட்டிலுள்ள ‘ஓனர் ஆஃப் எ லோன்லி ஹார்ட்’ பாட்டை இன்னொரு தடவை ஹெட்போனில் கேளுங்கள். நடுவில் காரணமே இல்லாமல் ஒரு வாத்தியக் கூட்டம் கத்தரியால் வெட்டியதுபோல அரை நொடி கத்திவிட்டு நின்றுவிடும். அது தயாரிப்பாளர் ட்ரெவர் ஹார்ன் சேர்த்த குசும்பு. பிறகு கிடார் தனியாக எழும்போது ஒவ்வொரு சுரத்தோடும் அதன் பஞ்சமம் ஒட்டிக்கொண்டே வரும். ஒரே ஆள் வாசிப்பதை இரண்டு பேர் சண்டை போடுவதாகக் கேட்கவைக்கிற அந்த இடம் ரேடியோ பாட்டுக்குத் தேவையே இல்லை. 1984 ஜனவரியில் அமெரிக்காவில் முதலிடம் பிடித்த பாட்டு இது. யெஸ்ஸுக்கு அங்கே வேறு எதுவும் அந்த இடத்துக்குப் போகவில்லை.

சினிமா வீழ்ச்சி என்கிறீர்கள். ஜோஹன்னஸ்பர்க்கில் அவருடைய அப்பா சிம்பனி ஆர்க்கெஸ்ட்ராவின் முதன்மை வயலின் கலைஞர். பையன் பியானோவில் ஆரம்பித்து, பதின்வயதிலேயே ஸ்டுடியோக்களில் கூலிக்கு கிடார் வாசித்தவன். அதாவது அடுத்தவன் கேட்டதை நேரத்துக்கு வாசித்துக் கொடுக்கிற வேலையும் ஆர்க்கெஸ்ட்ராவும் ராக்குக்கு முன்னாலேயே வீட்டில் இருந்தவை. 1996-இல் ‘தி கிளிம்மர் மேன்’ படத்துக்கு இசையமைத்தபோது அவர் புது ஊருக்குப் போகவில்லை என்பது என் எண்ணம்.

சரி, ஒன்றை ஒப்புக்கொள்கிறேன். ‘கான் ஏர்’, ‘ஆர்மகெடான்’, ‘கான் இன் 60 செகண்ட்ஸ்’ எல்லாமே ஜெர்ரி ப்ரக்ஹைமர் தயாரிப்பு. ஒன்றின் பின்னணி இசையை எடுத்து இன்னொன்றில் வைத்தால் யாருக்கும் தெரியாது. ஆர்மகெடான் என்றாலே ஏரோஸ்மித் என்ற ராக் குழுவின் பாட்டைத்தான் ஜனங்கள் முணுமுணுப்பார்கள்.

ஆனால் அதே தயாரிப்பாளருக்காக 2000-இல் ‘ரிமெம்பர் தி டைட்டன்ஸ்’ வந்தது. 1971-இல் வர்ஜீனியாவில் கறுப்பு, வெள்ளைப் பையன்களை ஒரே அணியில் சேர்க்கிற பள்ளிக்கூட அமெரிக்கக் கால்பந்துக் கதை. தென்னாப்பிரிக்காவின் நிறவெறிச் சட்டங்களின் கீழ் வளர்ந்த வெள்ளைக்காரப் பையன் இசையமைக்கிறான். அங்கே நிறவெறியை எதிர்த்த கறுப்பினப் போராளி ஸ்டீவ் பிகோ காவலில் செத்ததை உலகத்துக்குச் சொன்ன பத்திரிகையாசிரியர் டொனால்ட் உட்ஸ் ரேபினுக்கு உறவு. இதெல்லாம் இசையில் கேட்குமா என்று நீங்கள் மடக்கினால் என்னிடம் பதில் இல்லை. ஆனால் 2008 நவம்பர் 4 இரவு சிகாகோ க்ராண்ட் பார்க்கில் ஒபாமா வெற்றி உரையை முடித்ததும் ஒலிபெருக்கியில் ஒலித்தவற்றில் அந்தப் படத்தின் ‘டைட்டன்ஸ் ஸ்பிரிட்’டும் ஒன்று. கூட்டத்தில் எத்தனை பேருக்கு அது யாருடைய இசை என்று தெரிந்திருக்கும்? ரீரெக்கார்டிங் செய்கிறவனின் கதி அது. வீழ்ச்சி என்று நீங்கள் சொல்வது இந்தப் பெயரில்லாமல் போவதைத்தான் என்றால், அதில் கொஞ்சம் உண்மை இருக்கிறது.

நீளப் பாட்டு வேண்டுமென்றால் அதுவும் இருக்கிறது. 1994-இல் அவரே தயாரித்த யெஸ்ஸின் ‘டாக்’ ஆல்பத்தை நாடாவில் பதியாமல் கம்ப்யூட்டரின் ஹார்ட் டிஸ்கில் பதிவு செய்தார், அந்தக் காலத்தில் அது பெரிய தலைவலி. விற்கவில்லை. அந்தச் சுற்றுப்பயணம் முடிந்ததும் குழுவை விட்டார். அதன் கடைசிப் பாட்டு ‘எண்ட்லெஸ் ட்ரீம்’ பதினைந்து நிமிடம். பியானோ ஓடுகிற ஆரம்பத்தையும், பின்னால் இசை விரிந்துகொண்டே போகிற இடத்தையும் கேளுங்கள். படமே இல்லாத ஒரு படத்துக்கு எழுதியதுபோல இருக்கும். கேட்டுவிட்டு மறுபடி எழுதுங்கள், அப்போதும் திட்டத் தோன்றினால் திட்டுங்கள்.