பைல் எந்தப் பக்கம்?

கேள்வி: பழைய ஆங்கிலக் கதையொன்றில் காசைச் சுண்டும்போது 'குரோஸ் ஓர் பைல்' என்று கேட்கிறார்கள். குரோஸ் சிலுவை, விளங்குகிறது. பைல் என்றால் குவியலா?
– வாசகி, வெள்ளவத்தை

பதில்: நானும் முதலில் குவியல் என்றுதான் நினைத்தேன், தங்கச்சி. இது வேறு பைல். இயந்திரம் வராத காலத்தில் காசு அடிக்க இரண்டு இரும்பு அச்சுகள். கீழச்சின் கூர்முனையை மரக்குற்றியில் இறக்கி நிறுத்தி, மேலே வெள்ளித் தகட்டை வைத்து, மேலச்சைப் பிடித்துச் சம்மட்டியால் ஒரு போடு. அந்தக் கீழச்சுதான் பைல். அது பதித்த பக்கத்துக்கும் அதே பெயர் ஒட்டிக்கொண்டது.

அந்தக் காலத்து இங்கிலாந்துப் பென்னியின் சிலுவை வெறும் பக்திக்கில்லை. அதன் கோட்டோடு வெட்டினால் அரைப் பென்னி, இன்னொருமுறை வெட்டினால் கால். ஓரத்தைச் சுரண்டி வெள்ளி திருடுகிறவர்கள் பெருகவே, 1247 இல் மூன்றாம் ஹென்றி காலத்தில் சிலுவையின் கைகளை விளிம்புவரை நீட்டிவிட்டார்கள். இரண்டாம் எட்வேர்ட் மன்னர் இந்தக் காசு சுண்டும் விளையாட்டுக்காகத் தன் நாவிதரிடம் 5 சிலிங் கடன் வாங்கியது அரண்மனைக் கணக்கிலேயே இருக்கிறது. திருப்பிக் கொடுத்திருக்கிறார், அதையும் சொல்லவேண்டும்.

ஆங்கிலத்தில் சொல் செத்துவிட்டது. பிரெஞ்சில் சாகவில்லை. பாரிஸிலிருக்கும் என் மருமகனின் பிள்ளைகள் இன்றைக்கும் 'பீல் ஊ ஃபாஸ்' என்றுதான் கத்துகிறார்களாம். ஃபாஸ் முகம், பீல், மதிப்பு எழுதிய பக்கம்.

நம்முடைய 'பூவா தலையா'வைப் பார்த்துச் சிரிக்க வேண்டியதில்லையா? என் பிஸ்கட் டின்னில் விக்டோரியா காலத்து ஒரு சதம் கிடக்கிறது. ஒரு பக்கம் ராணி, மறுபக்கம் பனைபோல ஒரு மரம். பூ எங்கே? 1963 இல் நம் காசுகளிலிருந்து எலிசபெத் ராணியின் தலையும் போய் அரச இலச்சினை வந்தது.

போன ஞாயிறு எங்கள் ஒழுங்கையில் பொடியன்கள் கிரிக்கெட்டுக்குப் பத்து ரூபாக் குற்றியைச் சுண்டினார்கள். சிங்கப் பக்கம் விழுந்தது. "சிங்கத்துக்குத் தலை இருக்குத்தானே" என்றான் ஒருவன். "சுத்திவரத் தாமரை இதழ், அப்ப பூ" என்றான் மற்றவன். மதிலோரம் நின்ற என்னிடம் தீர்ப்புக் கேட்டார்கள், நான் நழுவிவிட்டேன். கடைசியில் ஒருத்தன் ஓட்டுத் துண்டொன்றை எடுத்து ஒரு பக்கம் துப்பி மேலே எறிந்தான்: "ஈரமா, காய்ஞ்சதா?"