மோலியேர் நாடகங்களைப் படித்தால் சிரிப்பே வரவில்லையே, மேடையில் மட்டும் எப்படிச் சிரிக்கிறார்கள்?

எனக்கும் முதலில் வரவில்லை. அதனால் உங்கள் கேள்வியில் தப்பு ஒன்றும் இல்லை.

பிரான்சில் லியோன் நகருக்கு வேலைக்கு வந்த புதிதில், பிரெஞ்சு கொஞ்சம் பழகட்டுமே என்று பழைய புத்தகக் கடையில், பதினேழாம் நூற்றாண்டுப் பிரெஞ்சு நாடகக்காரரான மோலியேரின் 'லாவார்' நாடகத்தின் பள்ளிப் பதிப்பை வாங்கினேன். 'கஞ்சன்' என்று பொருள். 1668-இல் பாரிசில் முதலில் மேடையேறியது. முதல் அங்கத்திலேயே முட்டிக்கொண்டேன். அர்பகோன் என்ற கஞ்சக் கிழவர், மகனுடைய வேலையாள் லா ஃப்ளெஷ் எதையோ சுருட்டிவிட்டான் என்று சந்தேகப்பட்டுச் சோதனை போடுகிறார்.

"கைகளைக் காட்டு."
"இதோ."
"மற்ற கைகள்?"
"மற்ற கைகளா?"
"ஆமாம்."
"இதோ."

அச்சுப்பிழை என்றே நினைத்தேன். அடிக்குறிப்பைப் பார்த்தால், இது பிளாட்டஸ் என்ற பழைய ரோமானிய நாடகக்காரரிடமிருந்து வந்தது என்று போட்டிருந்தது. நல்லது, ஆனால் அதற்கு யார் சிரிப்பார்கள்? புத்தகம் அலமாரிக்குப் போனது.

இரண்டு வருடம் கழித்து எங்கள் பேட்டையில் இருந்த ஒரு பொழுதுபோக்கு நாடகக் குழுவில் சேர்ந்தேன். வாரம் ஒரு மாலை ஒத்திகை. முதலில் 'தார்த்துஃப்' போடலாம் என்றார்கள். அது செய்யுள் நாடகம், வரிக்குப் பன்னிரண்டு அசை. பேச்சில் விழுங்கிவிடும் எழுத்தையெல்லாம் அங்கே எண்ணி உச்சரிக்க வேண்டும். பள்ளியில் சீர் பிரித்த ஞாபகத்தில் எனக்கு அது பிடித்துத்தான் இருந்தது, மற்றவர்கள் ஓடிவிட்டார்கள். கடைசியில் உரைநடையில் உள்ள 'லாவார்' என்று முடிவானது.

அந்தக் கை விஷயம் முதல் ஒத்திகையிலேயே புரிந்துவிட்டது. லா ஃப்ளெஷாக நடித்த பையன் இரண்டு கைகளையும் நீட்டினான். கிழவர் உற்றுப் பார்த்தார், திருப்தி இல்லை. "மற்ற கைகள்?" பையன் கைகளை முதுகுக்குப் பின்னால் கொண்டுபோனான், ஒரு கணம் யோசித்தான், அதே கைகளைப் புதுக் கைகள் போலப் பக்குவமாக முன்னால் கொண்டுவந்தான். கிழவர் அவற்றையும் புரட்டிப் பார்த்துவிட்டுத் தலையாட்டினார். ஓரத்தில் உட்கார்ந்திருந்த நாங்கள் ஆறு பேரும் வயிற்றைப் பிடித்துக்கொண்டோம். இரண்டு பேரில் ஒருவர் லேசாகப் புன்னகைத்திருந்தாலும் போச்சு. சந்தேகம் உண்மையாக இருக்க வேண்டும்.

விஷயம் இதுதான்: மோலியேர் எழுதத் தெரிந்த நடிகர். பாரிசுக்குத் திரும்பி 1658-இல் மன்னர் பதினான்காம் லூயி முன்னால் ஆடுவதற்கு முன், பத்துப் பன்னிரண்டு வருடம் குழுவோடு ஊர் ஊராக அலைந்தவர். பாரிசில் இத்தாலியக் குழு ஒன்றோடு ஒரே அரங்கைப் பகிர்ந்துகொண்டு, நாள் முறை வைத்து ஆடினார். உடம்பாலேயே சிரிக்க வைக்கும் வித்தை அந்த இத்தாலியர்களுடையது. அவர் எழுதியது முகம் தெரியாத வாசகனுக்காக இல்லை, தன் குழுவில் இன்னின்னாருடைய உடம்புக்காக. அர்பகோனாக அவரே நடித்தார். அவருக்கு நாள்பட்ட இருமல். அதனால் நாடகத்தில் கல்யாணத் தரகு பேச வரும் ஃப்ரோஸீன், "நீங்கள் இருமுவதுகூட ஓர் அழகு" என்று கிழவருக்கு ஐஸ் வைக்கிறாள். லா ஃப்ளெஷாக நடித்த லூயி பெஜாருக்குக் கால் ஊனம். அதற்காகவே "அந்த நொண்டி நாய்" என்று கிழவர் திட்டும் ஒரு வரி.

1666-இல் அச்சான வேறொரு நாடகத்தின் முன்னுரையில் அவரே சொல்லிவிட்டார்: நகைச்சுவை நாடகம் நடிப்பதற்கென்றே எழுதப்படுகிறது, படிக்கும்போதே மேடையாட்டம் முழுவதையும் கண்டுகொள்ளும் கண் உள்ளவர்கள் மட்டும் இதைப் படிக்கட்டும் என்று. உங்கள் கேள்விக்கு முந்நூற்றைம்பது வருடம் முன்பே பதில் வந்தாகிவிட்டது!

எனக்குக் கிடைத்த வேடம் மேத்ர் ழாக். கஞ்சன் வீடு அல்லவா, சமையல்காரனும் வண்டிக்காரனும் ஒரே ஆள். கிழவர் பேச ஆரம்பித்ததும் அவன், "யாரோடு பேசுகிறீர்கள், வண்டிக்காரனோடா, சமையல்காரனோடா?" என்று கேட்கிறான். சமையல்காரனோடுதான் என்றதும், கொஞ்சம் பொறுங்கள் என்று வண்டிக்காரக் கோட்டைக் கழற்றிவிட்டு நிற்கிறான். புத்தகத்தில் இதற்குச் சாய்வெழுத்தில் ஒரே ஒரு வரி. நான் நாடகம் நின்றுவிடுமே என்ற பயத்தில் இரண்டு நொடியில் கழற்றி எறிந்தேன். இயக்குநர் அம்மா நிறுத்தினார். "எத்தனை பொத்தான்?" என்றார். எட்டு. "எட்டையும் கழற்று. அப்புறம் மடித்து வை." மடித்தேன். பின்னால் கிழவர் ஒரு காலிலிருந்து மறு காலுக்கு மாறி மாறி நின்றுகொண்டிருந்தார். ஐந்தாவது பொத்தானில்தான் சிரிப்பு கிளம்பும் என்பதைக் காட்சி நாளில் கண்டுகொண்டேன். வசனம் ஒன்றுகூட இல்லாத இடம் அது.

ஓரிடத்தில் மட்டும் நான் அவர்களுக்கு வாத்தியார் ஆனேன். கிழவர் மகளை ஒரு வயதானவருக்குக் கட்டிவைக்கப் பார்க்கிறார். வயது வித்தியாசம், பெண்ணின் மனசு என்று மகளின் காதலன் வலேர் மெல்ல மெல்ல எடுத்துச் சொல்லும்போதெல்லாம் கிழவரின் ஒரே பதில்: "சான் தோத்!" வரதட்சணை இல்லாமல் கட்டிக்கொள்கிறாராம்! குழுவில் இருந்த இளைஞர்களுக்கு அந்தச் சொல்லே அடிக்குறிப்பில் பார்த்த சொல். எனக்கோ கல்யாணப் பேச்சு நடக்கும் எந்தக் கூடத்திலும் கேட்கக்கூடிய குரல். அந்தக் குரலில் ஆசை மட்டும் இல்லை, "இதற்கு மேல் என்ன வேண்டும்?" என்ற நிம்மதியும் உண்டு என்று விளக்கினேன். தமிழில் இதை நீட்டி முழக்க வேண்டியிருக்கும். பிரெஞ்சில் இரண்டே அசை, கதவைச் சாத்துகிற மாதிரி.

நான்காம் அங்கத்தில் பணப்பெட்டி களவு போனதும் வரும் தனிமொழியையும் சொல்லியாக வேண்டும். திருடனைப் பிடித்துவிட்டதாக நினைத்துக் கிழவர் தன் கையையே பிடித்துக்கொள்வார். பிறகு பார்வையாளர்களைப் பார்த்து, எல்லோரும் என்னைப் பார்த்துச் சிரிக்கிறார்களே என்பார். அந்தக் காலத்தில் அரங்கின் மெழுகுவத்திகள் நாடகம் நடக்கும்போதும் எரியும், முகங்கள் தெரியும். நாங்கள் அந்த வரியில் அரங்கு விளக்கைப் போட்டோம். சிரித்துக்கொண்டிருந்த சனம் சட்டென்று அடங்கியது. எங்கள் கிழவர் நிஜமாகவே அழுதுகொண்டிருந்தார்.

நீங்கள் ஆரம்பிப்பதாக இருந்தால் 'லாவார்' வேண்டாம், ஐந்து அங்கம் நீளம். மூன்றே அங்கம் உள்ள 'ஸ்காபான்' எடுங்கள். ஸ்காபான் என்ற வேலைக்காரன் ஒரு கிழவரை மூட்டைக்குள் ஒளித்துவைத்து, வேறு யாரோ அடிப்பது போலக் குரல் மாற்றி மாற்றித் தானே அடிக்கும் காட்சியை, இரண்டு நண்பர்களும் ஒரு போர்வையும் இருந்தால் வீட்டுக் கூடத்திலேயே செய்து பார்த்துவிடலாம். சத்தமாக, நின்றுகொண்டு.

அந்த நொண்டி வரியை எங்கள் இயக்குநர் நீக்கிவிட்டிருந்தார். பையன் திடகாத்திரமாக இருக்கிறான், இந்தக் காலத்தில் ஊனத்தைச் சொல்லித் திட்டுவதும் நன்றாக இல்லை என்பது அவர் கட்சி, எனக்கும் சரியென்றே பட்டது. இரண்டாம் நாள் காட்சிக்கு முன் பையன் மேடைப் படியில் கால் பிசகி, விந்தி விந்தி நடந்தான். முதல் அங்கம், கைச் சோதனை முடிந்தது. கிழவர் அவன் போவதையே பார்த்துக்கொண்டிருந்தார். நீக்கிய வரி அவர் வாயிலிருந்து தானாகவே வந்துவிட்டது.