போன் ஸ்கேன் அறிக்கையில் ‘போட்டோபீனியா’: மருந்து படியாத இடம் நல்ல இடமா?

கேள்வி: என் தந்தைக்கு வயது 64. மூன்று ஆண்டுகளுக்கு முன்பு புற்றுநோய்க்காக அவருடைய இடது சிறுநீரகத்தை அகற்றினார்கள். சில வாரங்களாக வலது இடுப்பில் வலி இருப்பதால் போன் ஸ்கேன் எடுத்தோம். ‘மருந்து கூடுதலாகப் படிந்த இடம் எதுவும் இல்லை. வலது இடுப்பெலும்பில் ஒரு போட்டோபீனிக் பகுதி தெரிகிறது. சி.டி.யுடன் ஒப்பிட்டுப் பார்க்கவும்’ என்று அறிக்கையில் எழுதியிருக்கிறார்கள். கருப்பாகப் படிந்தால்தான் புற்றுநோய் என்று கேள்விப்பட்டிருந்ததால் வீட்டில் எல்லோரும் நிம்மதியடைந்துவிட்டோம். என் அண்ணன் இதை ஆஸ்டியோபீனியா என்று எண்ணிக் கால்சியம் மாத்திரையும் வாங்கிக் கொடுத்துவிட்டார். போட்டோபீனியா என்றால் என்ன? மறுபடியும் ஸ்கேன் எடுக்க வேண்டுமா? — வாசகர், திருச்சி

பதில்: அந்த வரியை நல்ல செய்தியாக எடுத்துக்கொண்டு இத்துடன் நின்றுவிடாதீர்கள். சிறுநீரகப் புற்றுநோய்க்குச் சிகிச்சை பெற்ற ஒருவருக்கு, வலி இருக்கும் அதே பக்கத்து எலும்பில் போட்டோபீனிக் பகுதி தெரிகிறது என்றால், அதன் காரணம் இன்னதென்று உறுதிசெய்தே ஆக வேண்டும். அதே சமயம், இந்த ஒரு சொல்லை வைத்துக்கொண்டு நோய் எலும்புக்குப் பரவிவிட்டது என்று முடிவுகட்டவும் முடியாது. தாமதிக்காமல், இந்த வாரத்திலேயே, அறிக்கையையும் படங்களையும் எடுத்துக்கொண்டு தந்தைக்குச் சிகிச்சை அளித்த மருத்துவரைப் பாருங்கள். நான் இவ்வளவு அழுத்திச் சொல்வதற்கான காரணம், போன் ஸ்கேன் எதைக் காட்டுகிறது, எதைக் காட்டத் தவறுகிறது என்பதில் இருக்கிறது.

போன் ஸ்கேன் என்பது எலும்பைப் படம் பிடிக்கும் எக்ஸ்ரே போன்ற சோதனை அன்று. டெக்னீஷியம்-99எம் என்னும் கதிரியக்கப் பொருளை எம்.டி.பி. என்ற பாஸ்பேட் வகைச் சேர்மத்துடன் இணைத்து நரம்பூசி வழியாகச் செலுத்தி, ஏறத்தாழ மூன்று மணி நேரம் காத்திருந்து, பிறகு நோயாளியைக் காமா கேமராவின் கீழே படுக்க வைக்கிறோம். டெக்னீஷியத்தின் அரை ஆயுள் 6 மணி நேரம். அது வெளியிடும் காமா கதிரின் ஆற்றல் 140 கிலோ எலெக்ட்ரான் வோல்ட். உடலின் ஒவ்வொரு பகுதியிலிருந்தும் எத்தனை ஃபோட்டான்கள் (கதிர்த் துகள்கள்) வந்து சேர்கின்றன என்று கேமரா எண்ணுகிறது, அந்த எண்ணிக்கையே படமாகிறது; எண்ணிக்கை கூடிய இடம் கருப்பாகவும் குறைந்த இடம் வெளிறியும் தெரியும். சுற்றியுள்ள இடத்தைவிட ஓரிடத்திலிருந்து வரும் எண்ணிக்கை குறைந்திருந்தால், அந்தக் குறைவைத்தான் போட்டோபீனியா என்கிறோம். எங்களுக்குள் பேசிக்கொள்ளும்போது ‘கோல்டு ஏரியா’ என்றோ ‘டிஃபெக்ட்’ என்றோ சொல்வோம்.

ஆகவே இது அணு மருத்துவத் துறைக்கே உரிய சொல். சி.டி.யில் அடர்த்தி குறைந்த இடத்துக்கு ஹைப்போடென்ஸ் என்றும், அல்ட்ராசவுண்டில் எதிரொலி குறைந்த இடத்துக்கு ஹைப்போஎக்கோயிக் என்றும், எம்.ஆர்.ஐ.யில் சமிக்ஞை குறைந்த இடத்துக்கு ஹைப்போஇன்டென்ஸ் என்றும் எழுதுவார்கள். இவற்றில் ஒன்றை மற்றொன்றின் இடத்தில் வைத்துப் படிக்கக் கூடாது, ஏனெனில் ஒவ்வொன்றும் அளப்பது வேறு. உங்கள் அண்ணன் நினைத்த ஆஸ்டியோபீனியா இவை எவற்றோடும் சேராது. எலும்பின் தாது அடர்த்தியை டெக்ஸா கருவியில் அளந்து, டி-ஸ்கோர் −1-க்கும் −2.5-க்கும் இடையில் இருந்தால் சொல்லப்படும் நிலை அது. இரண்டு பெயர்களும் ஒரே ஓசையில் முடிவதைத் தவிர அவற்றுக்குள் தொடர்பு இல்லை.

கால்சியம் மாத்திரையைப் பற்றி இங்கேயே சொல்லிவிடுகிறேன். சிறுநீரகப் புற்றுநோய் மீண்டும் தலைகாட்டும்போது ரத்தத்தில் கால்சியம் அளவு தானாகவே உயர்வது உண்டு. அந்த நிலையில் வெளியிலிருந்து மேலும் கால்சியம் கொடுப்பது தீங்காக முடியலாம், அதிலும் தங்கள் தந்தையாருக்கு இருப்பது ஒரே சிறுநீரகம். ரத்தத்தில் கால்சியம், சிறுநீரகச் செயல்பாட்டைக் காட்டும் கிரியாட்டினின் இரண்டையும் பரிசோதித்து மருத்துவர் சொல்லும் வரை அந்த மாத்திரையைக் கொடுக்காதீர்கள். அளவு மீறிய தாகம், மலச்சிக்கல், அடிக்கடி சிறுநீர் கழித்தல், சோர்வு, பேச்சில் தடுமாற்றம் ஆகியவை இருந்தால், வெளிநோயாளி நாளுக்காகக் காத்திருக்காமல் உடனே அழைத்துச் செல்லுங்கள்.

இனி, ‘கருப்பாகப் படிந்தால்தானே கெடுதல்?’ என்ற எண்ணத்துக்கு வருவோம். இந்த எண்ணம் தவறான இடத்திலிருந்து வந்ததன்று. புராஸ்டேட் புற்றுநோயும் மார்பகப் புற்றுநோயும் எலும்புக்குப் பரவும்போது பெரும்பாலும் கரும்புள்ளிகளாகவே தெரிகின்றன, போன் ஸ்கேன் அதிகமாக எடுக்கப்படுவதும் அந்த நோயாளிகளுக்குத்தான். ஆனால் எம்.டி.பி. புற்றுநோய்ச் செல்லைத் தேடிப் போய் ஒட்டிக்கொள்வதில்லை. ரத்தம் எங்கே பாய்கிறதோ, எங்கே ஆஸ்டியோபிளாஸ்ட் என்னும் எலும்பு கட்டும் செல்கள் வேலை செய்கின்றனவோ, அங்கேதான் அது படிகிறது. கட்டி எலும்பைத் தொந்தரவு செய்ய, எலும்பு தன்னைச் சரிசெய்துகொள்ள முனைகிற அந்த எதிர்வினைதான் கருப்பாகத் தெரிகிறது. கட்டி எலும்பை அரித்துக்கொண்டே போய், பழுதுபார்க்கும் வேலை தொடங்காமலோ அதற்கு ஈடுகொடுக்க முடியாமலோ போனால், படிவதற்கு இடமே இல்லை. அப்போது படத்தில் வெளிறிய பள்ளம்தான் தெரியும். சிறுநீரகப் புற்றுநோயும் தைராய்டு புற்றுநோயும் எலும்பில் இப்படி அரிக்கும் வகையைச் சேர்ந்தவை. எலும்பு மஜ்ஜையில் தோன்றும் புற்றுநோயான மல்டிபிள் மைலோமாவில் எலும்பு கட்டும் செல்களே ஒடுக்கப்பட்டுவிடுவதால், நோய் பரவலாக இருந்தும் போன் ஸ்கேன் இயல்பாகத் தோன்றக்கூடும். அதனால்தான் மைலோமாவுக்குப் போன் ஸ்கேனை நம்பாமல், குறைந்த கதிரளவு சி.டி., எம்.ஆர்.ஐ., பெட் ஸ்கேன் ஆகியவற்றை நாடுகிறோம்.

சில சமயம் பள்ளத்தைச் சுற்றி ஒரு கருவளையம் தெரியும். நடுவில் திசு இறந்தோ நீர்மமாகவோ இருக்க, ஓரத்தில் எலும்பு எதிர்த்து நிற்கிறது என்பது அதன் பொருள். கட்டியிலும் சீழ்க்கட்டியிலும் சாதாரண எலும்பு நீர்க்கட்டியிலும் இத்தோற்றம் வரலாம். தந்தையாரின் அறிக்கையில் வளையம் இருந்ததாகக் குறிப்பு இல்லை.

புற்றுநோயோடு தொடர்பே இல்லாத போட்டோபீனியாவும் ஏராளம். ரத்த ஓட்டம் தடைபட்டு எலும்பு செயலிழக்கும்போது, தொடக்கக் கட்டத்தில் அந்த இடம் வெளிறித் தெரியும். குழந்தைகளுக்கு வரும் பெர்த்தீஸ் நோயில் தொடை எலும்பின் தலைப்பகுதி இப்படி வெளிறுவதை, எக்ஸ்ரேயில் மாற்றம் தெரிவதற்கு முன்பே போன் ஸ்கேனில் காண முடியும். கதிர்வீச்சுச் சிகிச்சை பெற்ற இடத்தில் சில மாதங்கள் கழித்துப் படிவு குறையும். அதன் ஓரங்கள் அளவுகோல் வைத்துக் கோடு போட்டாற்போல நேராக இருப்பதால் அதை எளிதில் இனம் கண்டுகொள்ளலாம், ஆனால் அச்சிகிச்சை நடந்த விவரத்தை யாராவது எங்களுக்குச் சொல்லியிருக்க வேண்டும்.

மருந்து ஒழுங்காகப் படிந்திருந்தும், கதிர் வரும் வழியில் ஒரு தடை நின்றுவிட்டாலும் போட்டோபீனியா தோன்றும். பெல்ட் கொக்கி, சட்டைப் பையில் விட்ட நாணயம், கைப்பேசி, பேஸ்மேக்கர், செயற்கை மூட்டு, முந்தைய நாட்களில் பேரியம் குடித்து எடுத்த எக்ஸ்ரேயால் குடலில் தங்கிய பேரியம் ஆகிய எல்லாம் காமா கதிரை மறைக்கும். நம் ஊரில் இன்னும் இரண்டைச் சேர்க்க வேண்டும். ஒன்று பெண்களின் தாலிக்கொடி, மற்றொன்று இடுப்பில் வெள்ளி அரைஞாண். தாலியைக் கழற்றச் சொல்லத் தொழில்நுட்பர் தயங்குகிறார், கழற்ற நோயாளியும் தயங்குகிறார், கடைசியில் மார்பெலும்பின் நடுவே தங்கத்தின் வடிவத்திலேயே ஒரு பள்ளம் படத்தில் விழுகிறது. இதைச் சரிபார்க்க மறுபடி ஊசி போட வேண்டியதில்லை. கொடியைத் தோள்பக்கம் ஒதுக்கி வைத்து, அந்த இடத்தை மட்டும் சில நிமிடம் மீண்டும் படம் எடுத்தால் பள்ளம் மறைந்துவிடும்.

இதிலிருந்து உங்களுக்கு நேரடியாகப் பயன்படும் ஒரு சோதனை கிடைக்கிறது. போன் ஸ்கேனில் உடலின் முன்பக்கத்தையும் பின்பக்கத்தையும் தனித்தனியே படம் எடுப்போம். முன்பக்கத்தில் கிடந்த உலோகம் முன்பக்கப் படத்தில்தான் கதிரைத் தெளிவாக மறைக்கும். பள்ளம் இரண்டு படங்களிலும் ஒரே இடத்தில் தெரிந்தால், அது எலும்புக்குள்ளேயே இருக்க வாய்ப்பு அதிகம். அறிக்கை எழுதிய மருத்துவர் இதைக் கட்டாயம் பார்த்திருப்பார் என்றாலும், சோதனையின்போது தந்தையார் என்ன அணிந்திருந்தார், பையில் என்ன இருந்தது என்பது உங்களுக்குத்தான் தெரியும். அதைத் தொலைபேசியிலாவது அவரிடம் சொல்லுங்கள்.

மற்ற உறுப்புகளில் இச்சொல்லின் கனம் வெகுவாக மாறுகிறது. தைராய்டு ஸ்கேனில் மருந்தை வாங்காத கட்டியைக் ‘கோல்டு நாட்யூல்’ என்பார்கள். நீர்க்கட்டி, கொலாய்டு கட்டி, உள்ளே ரத்தம் கசிந்த கட்டி எனப் பெரும்பாலானவை தீங்கற்றவையே. சிறு பங்கே புற்றுநோயாக இருக்கும், அதை ஊசி வழி எடுக்கும் எஃப்.என்.ஏ.சி. சோதனை பெரும்பாலும் பிரித்துச் சொல்லிவிடும். சிறுநீரகத்துக்கான டி.எம்.எஸ்.ஏ. ஸ்கேனில், சிறுநீர்த் தொற்று வந்த குழந்தைக்குப் போட்டோபீனிக் பகுதி தெரிந்தால், அது நடப்புத் தொற்றாகவும் இருக்கலாம், நிலைத்த தழும்பாகவும் இருக்கலாம். தழும்பா என்று அறியவே தொற்று அடங்கிச் சுமார் ஆறு மாதம் கழித்து மறுபடி எடுக்கச் சொல்கிறோம், முதல் படத்தைப் பார்த்தே சிறுநீரகம் கெட்டுவிட்டதாகப் பெற்றோர் கலங்க வேண்டியதில்லை.

நேரமும் பொருளை மாற்றும். சிறுநீரகத்தின் செயல்பாட்டைப் பார்க்கும் டி.டி.பி.ஏ. ஸ்கேனில், வீங்கிய சிறுநீரகத்தின் நடுப்பகுதி முதல் சில நிமிடங்களில் வெறுமையாகத் தெரிந்து, மருந்து கலந்த சிறுநீர் மெல்ல வந்து சேரச் சேரக் கருப்பாக நிரம்பும். பித்தநாளம் பைபோல விரிந்திருக்கும் நிலையில், பித்தம் பாயும் வழியைக் காட்டும் ஹைடா ஸ்கேனும் இப்படியே நடந்துகொள்ளும். ஆக, போட்டோபீனியா என்ற சொல்லை எந்த அறிக்கையில் கண்டாலும், எந்த உறுப்பு, எந்த மருந்து, ஊசி போட்ட எத்தனையாவது நிமிடம் அல்லது மணி என்று மூன்றையும் சேர்த்துப் படிக்காமல் அதற்குப் பொருள் கிடையாது.

மறுபடி ஸ்கேன் வேண்டுமா என்றால், இதே சாதாரணப் போன் ஸ்கேனைத் திரும்ப எடுப்பதால் பெரும்பாலும் பயனில்லை. தட்டையான படத்தில் முன்னும் பின்னும் உள்ள எலும்புகளின் எண்ணிக்கையும் சேர்ந்துவிடுவதால், ஒரு கரும்புள்ளியைக் கண்டுபிடிப்பதைவிட ஒரு வெளிறிய பள்ளத்தைக் கண்டுபிடிப்பது கடினம். சிறு பள்ளங்கள் கண்ணுக்குத் தப்பிவிடும், தெரிகிற பள்ளத்தின் உண்மையான அளவும் புலப்படாது. ஸ்பெக்ட்-சி.டி. என்னும் முப்பரிமாணப் படத்தை அன்றே எடுத்திருந்தால் பாதி ஐயம் தீர்ந்திருக்கும். எடுத்திருக்கிறார்களா என்று கேளுங்கள். எடுக்கவில்லை என்றால் இடுப்புக்கு நேரடியாகச் சி.டி. அல்லது எம்.ஆர்.ஐ. எடுப்பதே அடுத்த படி. எலும்பு எவ்வளவு அரிக்கப்பட்டிருக்கிறது, முறியும் அபாயம் உண்டா என்பதைச் சி.டி. நன்றாகக் காட்டும். மஜ்ஜைக்குள் பரவியிருப்பதை எம்.ஆர்.ஐ. நன்றாகக் காட்டும். எதை எடுத்தாலும், தந்தையாருக்கு ஒரு சிறுநீரகம்தான் என்பதையும் கிரியாட்டினின் அளவையும் முன்கூட்டியே சொல்லுங்கள், படம் தெளிவாகத் தெரியச் செலுத்தும் காண்ட்ராஸ்ட் மருந்தைக் கொடுப்பதா வேண்டாமா என்று அவர்கள் அதை வைத்தே தீர்மானிப்பார்கள். நேராகப் பெட் ஸ்கேனுக்குப் போய்விடலாமே என்று யாராவது சொல்லக்கூடும். எஃப்.டி.ஜி. என்னும் சர்க்கரை போன்ற மருந்தைச் செலுத்தி எடுக்கும் வழக்கமான பெட் ஸ்கேன் சிறுநீரகப் புற்றுநோயில் எல்லா நேரமும் நம்பத்தக்க விடை தருவதில்லை. அதில் ஒன்றும் தெரியவில்லை என்பதை வைத்து இந்தப் பள்ளத்தைத் தள்ளிவிட முடியாது.

சி.டி.யில் அரிப்பு உறுதியானால், திசு எடுத்துப் பார்க்கச் சொல்லலாம். சிறுநீரகப் புற்றுநோய் பரவிய இடங்களில் ரத்த நாளங்கள் மிகுதியாக இருக்கும், ஆகவே பழைய நோய் விவரம் தெரிந்த மருத்துவமனையில் செய்துகொள்வது பாதுகாப்பானது, ரத்தம் உறையாமல் இருக்க மாத்திரை எடுப்பவர் என்றால் அதையும் சொல்ல வேண்டும். ஒரே ஒரு எலும்பில் மட்டும் நோய் திரும்பியிருக்கும் நிலையில் அறுவையோ, துல்லியமாகக் குவிக்கும் கதிர்வீச்சோ நல்ல பலன் தருவதைப் பார்க்கிறோம். சீக்கிரம் கண்டறிய வேண்டும் என்று நான் வற்புறுத்துவது அதனால்தான்.

முடிவு தெரியும் வரை தந்தையார் கனமான பொருளைத் தூக்க வேண்டாம், தரையில் சம்மணமிட்டு அமர்ந்து எழ வேண்டாம், இந்தியக் கழிப்பறையில் குந்துவதையும் தவிர்க்கட்டும். வலது பக்கத்து வலிக்கு இடது கையில் ஊன்றுகோல் பிடித்து நடக்கலாம். நடக்கும்போது திடீரென்று கூர்மையான வலி வந்து காலை ஊன்ற முடியாமல் போனால் எலும்பு முறிவாக இருக்கலாம் என்று கருதி, நடக்க வைக்காமல் படுத்த நிலையிலேயே மருத்துவமனைக்குக் கொண்டு செல்லுங்கள். போகும்போது அறிக்கைத் தாளோடு படங்கள் அடங்கிய குறுந்தகடும், மூன்று ஆண்டுகளுக்கு முந்தைய அறுவைக் குறிப்பும், அப்போதைய திசு ஆய்வு அறிக்கையும், போன் ஸ்கேன் முன்பு எடுத்திருந்தால் அதுவும் கையில் இருக்கட்டும். பழைய படத்திலும் அதே இடத்தில் அதே பள்ளம் அதே அளவில் இருந்தால், அது புதிதாகப் பரவிய நோயாக இருக்கும் வாய்ப்பு வெகுவாகக் குறைந்துவிடும்.