காசி முற்றமும் வெள்ளை வேட்டியும்

ஐயா,

சத்யஜித் ராயின் ‘அபராஜிதோ’வில் ஒளிப்பதிவாளர் சுப்ரதா மித்ரா செய்ததைப் படித்துவிட்டு, என் குறும்படத்துக்காகப் பத்துக்குப் பத்து அறையில் கூரையை ஒட்டி வெள்ளை வேட்டி கட்டி, விளக்கை மேல்நோக்கி அடித்தேன். முகம் சப்பென்று ஆகிவிட்டது, கண் குழிவிழுந்து இருட்டாக வந்தது. கறுப்பு வெள்ளை, கலர், வங்காளம், இந்தி, ஆங்கிலம் என்று எல்லாவற்றிலும் வேலை செய்தவருக்குத் தனிப் பாணி இருந்ததா? நான் எந்தப் பாணியைப் பிடிப்பது? ராயை விட்டு ஏன் விலகினார்? எந்தக் கேமரா வாங்கலாம்?

கே., திருநெல்வேலி

அன்புள்ள கே.,

விலகிய கதை நமக்கெதற்கு? கேமராவை வாடகைக்கு எடுங்கள். வேட்டிக்கு வருகிறேன். கொஞ்ச நாளாகவே மனதை அரித்துக்கொண்டிருக்கும் விஷயம் அது. மித்ராவின் துணி எல்லோருக்கும் வேண்டும், அவர் அதை ஏன் கட்டினார் என்பது யாருக்கும் வேண்டாம்.

அந்தப் படத்தில் வரும் காசி வீட்டு முற்றத்தை, மழைக்குப் பயந்து, கல்கத்தா ஸ்டூடியோவில் செட் போடுவது என்று முடிவானபோது மித்ரா ஒப்பவில்லை. திறந்த முற்றத்தில் மேலிருந்து இறங்கும் நிழலில்லாத வெளிச்சத்தை ஸ்டூடியோவில் கொண்டுவர முடியாது என்று வாதாடினார். எடுபடவில்லை. பிறகுதான் செட்டுக்கு மேலே, வானம் இருக்கவேண்டிய இடத்தில், வெள்ளைத் துணியை இழுத்துக் கட்டி விளக்குகளைக் கீழிருந்து அதன்மேல் அடித்தார். அது 1956. உங்கள் அறைக்கு வானம் ஏது? ஜன்னல்தானே இருக்கிறது? பக்கவாட்டில் வரவேண்டிய வெளிச்சத்தைக் கூரையிலிருந்து இறக்கினால் புருவ எலும்பு கண்ணை மறைக்காமல் என்ன செய்யும்? படத்தைப் பார்த்தீர்களா, ஸ்டில்லை மட்டும் பார்த்தீர்களா?

துணியை ஜன்னல் பக்கம் நிறுத்துங்கள். ஆறடிக்கு நாலடி, முகத்திலிருந்து நாலைந்து அடிக்குள். முகத்திலிருந்து பார்த்தால் துணி எவ்வளவு பெரிதாகத் தெரிகிறதோ அவ்வளவு மென்மை. அதே துணியை இருபதடி தள்ளினால் நிழலின் விளிம்பு கூராகிவிடும். விளக்கைத் துணியோடு ஒட்டி வைத்தாலும் இதே கதைதான். நடுவில் ஒரு வட்டம் மட்டும் எரியும், அந்த வட்டம்தான் உங்கள் லைட். மீதித் துணி தண்டம். ஓரம்வரை நிரம்பும்படி விளக்கைப் பின்னால் இழுங்கள். இரண்டு மூன்று ஸ்டாப் (ஒரு ஸ்டாப் குறைந்தால் வெளிச்சம் பாதி) போகும், போகட்டும்.

வேட்டியை விட்டுவிடுங்கள். நீலம் போட்டு வெளுத்த துணி, கலரில் முகத்தையும் நீலமாக்கும். கறுப்பு வெள்ளையில் எடுத்தவருக்கு அந்தத் தொல்லை இல்லை. வெளுக்காத காடாத் துணி வாங்குங்கள். லேசாக மஞ்சள் ஏறும், சருமத்துக்கு அது நல்லதே.

முகம் சப்பென்று ஆனதற்குத் துணியைத் திட்டாதீர்கள். சின்ன அறையில் நாலு சுவரும் வெளிச்சத்தைத் திருப்பி அடித்து நிழல் பக்கத்தை நிரப்பிவிடும். முகத்தின் மறுபக்கம், ஃபிரேமுக்கு வெளியே, இரண்டடியில் கறுப்புத் துணியைத் தொங்கவிடுங்கள். லைட் மீட்டரை இரு கன்னத்தருகிலும் வைத்து அளந்து, இரண்டு ஸ்டாப் வித்தியாசம் வரும்வரை நெருக்குங்கள். லைட்மேனைக் கேட்டிருந்தால் அவரே சொல்லியிருப்பார்!

பாணி கேட்டீர்களே. ‘காஞ்சன்ஜங்கா’ (1962) டார்ஜிலிங்கில், கலரில். வெயில் வந்தால் வெயிலுக்கான காட்சி, மூடுபனி வந்தால் அதற்கான காட்சி. ‘நாயக்’ (1966) படத்து ரயில் பெட்டி செட், ஜன்னலுக்கு வெளியே ஓடுவது, பின்திரையில் படத்தை ஓட்டிக் காட்டும் பேக் புரொஜெக்‌ஷன். இந்தியில் ‘தீஸ்ரி கசம்’. ஆங்கிலத்தில் இயக்குநர் ஜேம்ஸ் ஐவரிக்கு நாலு படம். இதில் எதைப் பிடிப்பீர்கள்?

இருந்தாலும் கூரை ஏறி வேட்டி கட்டினீர்கள் பாருங்கள், அது எனக்குப் பிடித்திருக்கிறது. ராயின் முதல் படமான ‘பதேர் பாஞ்சாலி’யில் கேமராவுக்குப் பின்னால் நின்றபோது மித்ராவுக்கு இருபத்தியொன்று, இருபத்திரண்டு வயது. அதற்குமுன் சினிமா கேமராவை இயக்கியதே இல்லை. பிரெஞ்சு இயக்குநர் ரென்வார் வங்காளத்தில் படம் எடுத்தபோது ஓரமாக நின்று விளக்கு எங்கே, கேமரா எங்கே, நடிகர் எங்கிருந்து எங்கே நகர்கிறார் என்று வரைந்துகொண்டதுதான் அவர் படித்த படிப்பு.

நீங்களும் வரையுங்கள். அதே அறையைக் காலை பத்து மணிக்கு, விளக்கே போடாமல் ஒரு படம் எடுத்து, வரைபடத்தோடு அனுப்புங்கள். கம்ப்யூட்டரில் நிறத்தைத் திருத்தி, அதாவது கிரேடிங் செய்து அனுப்பினால் திறக்கமாட்டேன்.