கேள்வி-பதில்: டாய்லெட் பேப்பருக்கு இவ்வளவு ஆர்ப்பாட்டமா?

கேள்வி: நாங்கள் கனடாவுக்கு வந்து இருபது வருடம் ஆகிறது. கல்லூரியில் படிக்கும் என் மகள், வீட்டுக்கு டாய்லெட் பேப்பர் வாங்கினாலே சண்டைக்கு வருகிறாள், காட்டை அழிக்கிறோமாம். இந்த நாட்டில் வெட்டிய காட்டைத் திரும்ப வளர்க்க வேண்டும் என்று சட்டமே இருக்கிறது. பேப்பருக்குப் போவதும் மர அறுவை ஆலையில் மிஞ்சுகிற கழிவுதான். சரி, மூங்கில் பேப்பர் வாங்குகிறேன் என்றேன், அதற்கும் முகம் சுளிக்கிறாள். துடைத்துப் போடுகிற காகிதத்துக்கு இவ்வளவு ஆர்ப்பாட்டம் தேவையா?
– ஒரு வாசகர், ஸ்கார்பரோ

பதில்: தேவைதான். நான் உங்கள் மகள் பக்கம், அதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். ஆனால் நீங்கள் சொல்லும் வாதங்கள் சும்மா ஒதுக்கிவிடக்கூடியவை அல்ல, மரக் கம்பெனிகளும் கனடா அரசும் வருடக்கணக்காக இவற்றைத்தான் சொல்லி வருகின்றன. அதனால் கொஞ்சம் விரிவாகவே பேசுவோம்.

ஒரு காரியம் செய்யுங்கள். வீட்டிலிருக்கும் உருளையிலிருந்து ஒரு தாளைக் கிழித்து ஜன்னல் வெளிச்சத்தில் பிடித்துப் பாருங்கள். வரி வரியாக மிக நுண்ணிய சுருக்கங்கள் தெரியும். ஆலையில் பெரிய சூடான உருளைமேல் ஒட்டிக் காய்ந்த தாளை ஒரு கத்தி சுரண்டி எடுக்கும்போது விழுகிற சுருக்கம் அது, கைக்கு மெத்தென்று இருப்பதற்கு அதுவும் ஒரு காரணம். இப்போது கிழித்த ஓரத்தைப் பாருங்கள், பூனைமுடி மாதிரி இழைகள் நீட்டிக்கொண்டிருக்கும். பெரிய பிராண்டு என்றால் அதில் ஸ்ப்ரூஸ், பைன் போன்ற குளிர்நாட்டு மரங்களின் நார் இருக்கும், நீளம் 2 முதல் 3 மில்லிமீட்டர். கூடவே யூக்கலிப்டஸ், அதாவது தைலமரத்தின் நார், அது 1 மில்லிமீட்டர்கூட வராது. நீள நார் தாள் கிழியாமல் பிடித்துக்கொள்ளும், குட்டை நார் தோலுக்கு மிருதுவாக இருக்கும். விளம்பரத்தில் வரும் மென்மை என்பது இந்த இரண்டையும் கலக்கிற கணக்குதான்.

என் கோபம் எங்கே என்றால், காகித நாரை ஐந்திலிருந்து ஏழு முறை வரை திரும்பத் திரும்பப் பயன்படுத்தலாம். இன்று எழுதும் தாள், நாளை செய்தித்தாள், அப்புறம் அட்டைப்பெட்டி என்று அது சுற்றி வரும், ஒவ்வொரு சுற்றிலும் கொஞ்சம் தேய்ந்து குட்டையாகும். டாய்லெட் பேப்பர் மட்டும் சாக்கடைக்குள் போய்விடும், அங்கிருந்து எந்த நாரும் திரும்பி வருவதில்லை. அப்படியானால் பல சுற்று உழைத்து ஓய்ந்துபோன நாருக்குத்தானே அந்தக் கடைசி வேலையைக் கொடுக்க வேண்டும்? நாம் அப்படியே தலைகீழாகச் செய்கிறோம். வருடத்தில் பாதி பனியில் கிடந்து, மெள்ள மெள்ள வளர்ந்த மரத்தின் புத்தம்புது நாரை எடுத்து, அதன் முதல் வேலையையே கடைசி வேலையாக்கி, பத்து விநாடியில் தண்ணீரில் விட்டுவிடுகிறோம்.

பழைய நாரில் செய்தால் நன்றாக இருக்காது என்கிறீர்களா? விமான நிலையத்திலும் அலுவலகத்திலும் மாட்டியிருக்கும் அந்தப் பெரிய உருளைகளில் பெருமளவு மறுசுழற்சிக் காகிதம்தான். பகலெல்லாம் அதைப் பயன்படுத்துகிறீர்கள், யாரும் புகார் சொன்னதில்லை. சாயங்காலம் வீட்டுக்கு வந்ததும் மட்டும் காட்டிலிருந்து வந்த மூன்றடுக்குத் தாள் வேண்டியிருக்கிறது.

சரி, திரும்ப வளர்க்கிறார்களே என்ற கேள்விக்கு வருகிறேன். சட்டம் இருப்பது உண்மை. கனடா அரசின் கணக்கில், மரம் வெட்டிய இடத்தில் மறுபடி மரம் வளர விடுகிறவரை அது காடழிப்பே ஆகாது. அதனால்தான் காடழிப்பு மிகக் குறைவு என்று அவர்களால் சொல்ல முடிகிறது. ஆனால் மரம் நின்றால் மட்டும் காடு வந்துவிடாது. கனடாவின் வடக்கே கிடக்கும் போரியல் காடு சுமார் 27 கோடி ஹெக்டேர், அதில் தேங்கியிருக்கும் கரியில் (கார்பனில்) பெரும்பங்கு மரத்தில் இல்லை, அடியில் மண்ணிலும் சதுப்பு நிலத்திலும் இருக்கிறது. மொத்தமாக வெட்டித் தரையைத் திறந்துவிட்டால் அந்தக் கரி காற்றில் ஏற ஆரம்பிக்கும். நட்ட கன்று அதை ஈடுகட்டப் பல பத்தாண்டுகள் ஆகும், அதற்குள் அடுத்த வெட்டுக்கு நாள் குறித்துவிடுவார்கள்.

கரிபு மானைக் கேட்டால் இன்னும் தெளிவாகச் சொல்லும். பனிக்காலத்தில் அது தின்பது முதிர்ந்த காட்டில் தரையிலும் கிளையிலும் படர்கிற, பாசி மாதிரியான லைக்கன். லைக்கன் வளர ஒரு தலைமுறை வேண்டும். காட்டை வெட்டிய இடத்தில் முதலில் இளம் செடியும் புதரும்தான் கிளம்பும், அதைத் தின்ன மூஸ் என்கிற பெரிய மானும் மற்ற மான்களும் வரும், அவற்றின் பின்னால் ஓநாய் வரும், லாரிக்காகப் போட்ட சாலை ஓநாய்க்கு நல்ல நடைபாதையாகிவிடும். ஓநாய்க்கு எட்டாத தூரத்தில் பிழைத்துக்கொண்டிருந்த கரிபு அதோடு தொலைந்தது. காட்டுக் கரிபு 2003இலிருந்து கனடாவின் அழிவு அபாயப் பட்டியலில் இருக்கிறது. வெட்டிய இடத்தில் நட்ட கன்றுகளை எண்ணிக் காட்டினால் இதற்கெல்லாம் பதிலாகாது.

ஆலைக் கழிவுதான் என்றும் சொன்னீர்கள், அதுவும் பாதி உண்மை. கனடாவின் கூழ் ஆலைகளுக்குப் போகும் மரத்தூளும் சில்லும் பெரும்பாலும் அறுவை ஆலைகளிலிருந்து வருபவைதான். ஆனால் அந்தச் சில்லு இலவசம் இல்லை. அதை விற்று வரும் காசும் சேர்ந்தால்தான் பல இடங்களில் மரம் வெட்டுவதே கட்டுப்படியாகிறது. வாங்க ஆள் இருக்கும்வரை அதைக் கழிவு என்று சொல்லிக் கைகழுவ முடியாது.

இதை நானும் உங்கள் மகளும் மட்டும் சொல்லவில்லை. 2019இல் என்.ஆர்.டி.சி. என்ற அமெரிக்கச் சூழல் அமைப்பு, ஸ்டாண்ட்.எர்த் அமைப்போடு சேர்ந்து, டாய்லெட் பேப்பர் பிராண்டுகளுக்குப் பள்ளிக்கூடம் மாதிரி மதிப்பெண் போட்டது. கடையில் அதிகம் விற்கிற சார்மின் போன்றவை ஃபெயில். உலக மக்களில் 4 விழுக்காடு இருக்கும் அமெரிக்கா, உலகின் டிஷ்யூ காகிதத்தில் 20 விழுக்காட்டுக்கு மேல் பயன்படுத்துகிறது என்றும், புது நாரில் செய்த தாளின் கரி வெளியீடு மறுசுழற்சித் தாளைப் போல மூன்று மடங்கு என்றும் அவர்கள் கணக்குச் சொன்னார்கள். அடுத்த வருடம், 2020 அக்டோபரில், சார்மினைத் தயாரிக்கும் ப்ராக்டர் அண்ட் கேம்பிள் கம்பெனியின் பங்குதாரர் கூட்டத்தில், காட்டழிவைத் தடுக்க என்ன செய்கிறீர்கள் என்று அறிக்கை கொடுங்கள் என ஒரு தீர்மானம் வந்தது. நிர்வாகம் வேண்டாம் என்றது, 67 விழுக்காடு வாக்கு வேண்டும் என்று விழுந்தது. லாபத்துக்காகப் பணம் போட்டவர்களே கேட்ட கேள்வி அது.

வெள்ளை நிறத்துக்கும் ஒரு விலை கொடுத்திருக்கிறோம். நீங்கள் இருக்கும் ஒன்டாரியோ மாகாணத்திலேயே டிரைடன் என்ற ஊரில், காகித ஆலைக்கு வெளுப்பு மருந்து செய்த ஆலை 1962க்கும் 1970க்கும் இடையில் சுமார் 9 டன் பாதரசத்தை வாபிகூன் ஆற்றில் விட்டது. கீழே ஆற்றோரம் கிராஸி நேரோஸ் பூர்வகுடி மக்கள், மீன்தான் அவர்களுக்குச் சோறு, மீன்தான் வேலை. 1975இல் ஜப்பானிலிருந்து மருத்துவர் மசாசுமி ஹரடா வந்து பார்த்து, அங்கே பாதரச நஞ்சால் மக்கள் பாதிக்கப்பட்ட மினமாட்டா என்ற ஊரில் கண்ட அதே நோயின் அறிகுறிகள் இங்கும் இருப்பதாகச் சொன்னார். அது டாய்லெட் பேப்பர் ஆலை இல்லை, இன்று பாதரச முறையும் போய்விட்டது, குளோரின் வாயுவுக்குப் பதில் குளோரின் டை ஆக்சைடு வந்து டையாக்சின் நஞ்சும் நிறையக் குறைந்திருக்கிறது, அதையும் சொல்லத்தான் வேண்டும். ஆனால் அந்த மக்களின் பேரப்பிள்ளைகள் இன்றும் அந்த ஆற்றோடு போராடிக்கொண்டிருக்கிறார்கள். உடம்பைத் துடைக்கிற தாள் எதற்காகப் பால் வெள்ளையாக இருக்க வேண்டும் என்று எனக்குப் புரிந்ததே இல்லை.

மூங்கில் பேப்பர் பற்றி மகள் முகம் சுளித்ததிலும் நியாயம் இருக்கிறது. மூங்கில் வேகமாக வளரும், வெட்டினால் வேரிலிருந்து துளிர்க்கும், போரியல் காட்டு மரத்தைவிட நல்லதுதான். பெரும்பாலும் சீனாவிலிருந்து கப்பலில் வருகிறது என்பது ஒரு பக்கம். இன்னொரு பக்கம், 2024இல் பிரிட்டனின் விச் என்ற நுகர்வோர் அமைப்பு ஐந்து மூங்கில் பிராண்டுகளைச் சோதித்தபோது மூன்றில் மூங்கில் குறைவாகத்தான் இருந்தது, ஒன்றில் 3 விழுக்காடுகூட இல்லை. யூக்கலிப்டஸ் தோட்டமும் வழியாகாது. பிரேசிலில் அதைப் பச்சைப் பாலைவனம் என்கிறார்கள், புதுக்கோட்டைப் பக்கம் தைலமரக் காட்டுக்கு நடுவே கண்மாய் வறண்டு கிடப்பதைப் பார்த்தவர்களுக்கு அந்தப் பேரை விளக்க வேண்டியதில்லை.

அப்புறம் நீங்கள் கேட்காமலே விட்ட ஒரு விஷயம், தண்ணீர். போன முறை டொரண்டோ வந்தபோது ஓர் உறவினர் வீட்டில் தங்கினேன். கழிப்பறை மூலையில், செடிக்குத் தண்ணீர் ஊற்றுகிற பச்சை நிற பிளாஸ்டிக் பூவாளி ஒன்று இருந்தது. கனடா நண்பர்கள் விருந்துக்கு வந்த அன்று பார்த்தால் அதைக் காணோம், துண்டு வைக்கிற அலமாரிக்குள் போயிருந்தது. அவர்கள் போன பிறகு பழைய இடத்துக்கே வந்தது. எனக்கு அன்று இரவு முழுக்க மனசு உறுத்தியது. ஜப்பானில் டோட்டோ கம்பெனி 1980இல் தண்ணீர் பீய்ச்சும் வாஷ்லெட் கொண்டுவந்து, இன்று பெரும்பாலான வீடுகளில் அந்த வகைதான் இருக்கிறது. 2020 மார்ச்சில் கடைகளில் டாய்லெட் பேப்பருக்கு அடிதடி நடந்தபோது வட அமெரிக்கர்களும் பிடே என்கிற தண்ணீர் பீய்ச்சும் சாதனத்தை வாங்கி மாட்ட ஆரம்பித்தார்கள். நாம் பிறந்ததிலிருந்து செய்கிற காரியத்தை நாம் மட்டும் ஏன் அலமாரிக்குள் ஒளிக்க வேண்டும்?

தண்ணீர் வீணாகாதா என்பார்கள். ஒரு செம்புத் தண்ணீர் போதும். காகிதம் ஒன்றும் தண்ணீர் இல்லாமல் வருவதில்லை, ஆலையில் கம்பி வலைமேல் ஓடும் கூழில் 99 விழுக்காட்டுக்கு மேல் தண்ணீர்தான், அதை வடித்துக் காயவைக்கத்தான் இந்தத் தொழிலில் இவ்வளவு நெருப்பு எரிகிறது. ஜனவரியில் குழாய்த் தண்ணீர் பனிக்கட்டி மாதிரி இருக்கும் என்பது உண்மையான கஷ்டம், அதற்கு வெந்நீர்க் குழாயோடு இணைக்கிற ஹேண்ட் ஷவர் கிடைக்கிறது, பிளம்பரைக் கூப்பிட்டால் ஒரு மணி நேர வேலை. ஈரம் துடைக்க இரண்டு தாள் போதும், வாங்குவது பெருமளவு குறைந்துவிடும்.

அந்த இரண்டு தாளையும் பார்த்து வாங்குங்கள். பையில் பச்சை இலைப் படமும், காட்டைப் பொறுப்பாகப் பராமரிப்பதாகச் சொல்லும் எஃப்.எஸ்.சி. முத்திரையும் இருந்தால் போதும் என்று நினைக்காதீர்கள், முத்திரைக்குக் கீழே ‘மிக்ஸ்’ என்று இருந்தால் உள்ளே புது மரம் இருக்கலாம், ‘ரீசைக்கிள்டு’ என்று இருந்தால்தான் முழுக்கப் பழைய நார். அதோடு ‘போஸ்ட் கன்ஸ்யூமர்’ எத்தனை விழுக்காடு என்று பொடி எழுத்தில் போட்டிருப்பார்கள், ஆட்கள் பயன்படுத்திப் போட்ட காகிதம் எவ்வளவு சேர்ந்திருக்கிறது என்பதைச் சொல்கிற எண் அது. கூடிய வரைக்கும் அந்த எண் பெரிதாக இருக்கும் பையை எடுங்கள், நிறம் கொஞ்சம் மங்கலாக இருந்தாலும் பரவாயில்லை. மகளையும் கடைக்குக் கூட்டிக்கொண்டு போங்கள்.