புரோநோட்டுக்கு மூன்று ஆண்டு முடியும் முன்

நண்பரே, குலசேகரத்து ரப்பர் ஷீட் வியாபாரிக்குத் தொழிலுக்காக 4 லட்சம் கொடுத்து, புரோநோட்டு (கடன் உறுதிச் சீட்டு) எழுதி வாங்கி 2 ஆண்டு 10 மாதம் ஆகிவிட்டது, 'மழை விடட்டும், பால்வெட்டு தொடங்கியதும் தருகிறேன்' என்கிறார் என்று எழுதியிருக்கிறீர்கள். மழை விடும்வரை காத்திருக்காதீர்கள். நோட்டின் தேதியிலிருந்து 3 ஆண்டுக்குள் வழக்குத் தாக்கலாக வேண்டும். வாய்வார்த்தை அந்தக் கெடுவை நீட்டாது. கெடு முடியும் முன் அவர் ஒரு சிறு தொகை கொடுத்து, அதை நோட்டின் பின்புறம் தம் கையால் எழுதித் தேதியிட்டுக் கையெழுத்துப் போட்டால், அன்றிலிருந்து புதிதாக 3 ஆண்டு கிடைக்கும். மறுத்தால் உடனே வழக்கறிஞர் நோட்டீஸ், அடுத்து வழக்கு. அவர் வசிக்கும் இடத்துக்குரிய நீதிமன்றத்தில் தொடுக்கலாம். நோட்டு இருப்பதால் சுருக்க வழக்காகவே (முழு விசாரணை இன்றி விரைவில் முடியக்கூடிய வழக்கு) போடலாமா என்று வழக்கறிஞரிடம் கேளுங்கள். நீதிமன்றக் கட்டணம் கோரும் தொகையில் 3 சதவீதம். மக்கள் நீதிமன்றத்தில் சமரசமானால் அது திரும்பக் கிடைக்கும்.

தீர்ப்பு வந்தாலும் பணம் தானாக வந்துவிடாது, பலர் தளர்ந்துபோவது அங்கேதான். அவர் நிலத்தின் சர்வே எண்ணைத் தேடி, இப்போதே வில்லங்கச் சான்று எடுங்கள். கடனைத் தட்டிக்கழிக்க அவர் அதை விற்க முயல்வது தெரிந்தால், தீர்ப்புக்கு முன்பே ஜப்தி செய்யும்படி மனுப் போடலாம். அசல் நோட்டை மட்டும் அவரிடம் கொடுத்துவிடாதீர்கள்.